அப்பா சுற்று

நாங்கள் கனடாவைப் பாட்டுப் போட்டிக்கு அனுப்பிய கதை கனடாவுக்கு இன்றுவரை தெரியாது. ஒட்டாவாவில் இருப்பவர்களுக்குத் தெரியாது, ஆங்கிலப் பத்திரிகைக்காரருக்குத் தெரியாது. முதியோர் இல்லத்துச் சமையலறையில் என்னோடு வேலை செய்யும் பிலிப்பீன்காரிக்கு நான் சொல்லித்தான் தெரியும். ஆனால் ஸ்காபரோவில் மரக்கறிக் கடை, நகைக்கடை, கொத்துரொட்டிக் கடை என்று ஒரு கண்ணாடி மிச்சமில்லாமல் என் மருமகளின் படம் ஒட்டியிருந்தது. சிவப்பும் வெள்ளையுமாகச் சேலை, கையில் மைக், பின்னால் மேப்பிள் இலை. "கனடாவின் குரல்" என்று கொட்டை எழுத்து. அதற்குக் கீழே, அவளுடைய முகத்தைவிடப் பெரிதாக, வீடு வாங்கி விற்றுக் கொடுக்கும் அண்ணை ஒருவரின் சிரித்த முகமும் தொலைபேசி இலக்கமும். பிள்ளை பாடப் போகிறதா, வீடு விற்கப் போகிறதா என்று அந்த அண்ணையிடமே கேட்டேன். அவர் அதற்கும் சிரித்தார்.

போட்டியைச் சென்னையில் ஒரு தொலைக்காட்சி நடத்தியது. உலகத்துத் தமிழ்ப் பிள்ளைகளில் நாட்டுக்கு ஒருவர். மலேசியா, சிங்கப்பூர், சுவிஸ், நோர்வே, இலங்கை, ஆஸ்திரேலியா, துபாய். துபாய் நாடில்லை என்று அவர்களுக்கு ஒருவரும் சொல்லவில்லைப் போலிருக்கிறது. எங்கள் ஆட்களுக்கு இந்த நாட்டுக்கு வந்து இவ்வளவு காலத்துக்குப் பிறகு கனடா மேல் அப்படியொரு பற்று வந்ததை நான் அப்போதுதான் கண்டேன். ஹொக்கி விளையாட்டில் வராத ரோசம் இதில் வந்தது.

மருமகள் என்றால் என் தம்பியின் மகள்; நான் அவளுக்கு மாமி. குரல் எங்கள் பக்கத்தால் வந்ததில்லை. தம்பி பாடினால் படுத்திருக்கிற நாய் எழும்பிப் போகும். அது தாயிடமிருந்து வந்த குரல். தாய், அதாவது என் மச்சாள் (நானும் அவளுக்கு மச்சாள்தான்), இப்போது பாடுவதில்லை. பிக்கரிங்கில் பாண் சுடும் ஒரு தொழிற்சாலைக்குக் காலையில் போய் மாலையில் வருகிறாள். தாயும் மகளும் எங்கள் வீட்டுக்குக் கீழே, பேஸ்மன்றில் குடியிருக்கிறார்கள்.

தம்பி இல்லை. எப்படி இல்லை என்பதுதான் எங்கள் வீட்டுப் பிரச்சினை. இலங்கையில் கடைசிச் சண்டை முடிந்தபோது, ஆமியிடம் சரணடைந்த இயக்கக்காரரோடு அவனும் சரணடைந்தான். பஸ்ஸில் ஏற்றியதை மச்சாள் கண்டாள். அதற்குப் பிறகு அவனைக் கண்டவர் இல்லை. மருமகள் அப்போது கைக்குழந்தை. மச்சாள் அவளைத் தூக்கிக்கொண்டு முகாம் முகாமாக, அலுவலகம் அலுவலகமாக அலைந்துவிட்டு, கடைசியில் எப்படியோ இங்கே வந்து சேர்ந்தாள்.

மச்சாளைப் பொறுத்தவரை அவளுடைய புருஷன் உயிரோடிருக்கிறான். அதைப் பற்றி அவள் யாரோடும் வாதாட மாட்டாள், நடந்து காட்டுவாள். நெற்றியில் குங்குமம். தொழிற்சாலை உடுப்புக்குள்ளே தாலிக்கொடி. வெள்ளிக்கிழமைகளில் பஸ் மாறி மாறி றிச்மண்ட் ஹில் பிள்ளையார் கோயிலுக்குப் போய் அவன் பெயர், நட்சத்திரம் சொல்லி அர்ச்சனை செய்விப்பாள். அர்ச்சனை உயிரோடிருப்பவர்களுக்குத்தான் செய்வது. அவனுடைய படம் சாமி அறையில் இல்லை. ரீவிக்குப் பக்கத்தில், மருமகளின் பள்ளிக்கூடப் படங்களுக்கு நடுவில், உயிரோடிருப்பவர்களோடு நிற்கிறது. ஒருநாள் கோயிலில் தந்த மல்லிகைச் சரத்தை நான் யோசிக்காமல் அந்த மேசையில் வைத்துவிட்டேன். படத்தில் பூ முட்டக்கூட இல்லை. மச்சாள் சரத்தை எடுத்துக்கொண்டு போய் பிரிஜ்ஜுக்குள் வைத்தாள்.

எனக்கு என்ன நினைப்பு என்று கேட்டால், அவன் செத்துவிட்டான். மச்சாள் இங்கே வந்து சில வருடங்களில், ஒரு மாரிகாலத்தில், வேலை முடிந்து கார் சூடாகட்டும் என்று காத்திருந்தபோது அது எனக்குத் தெளிவாகத் தெரிந்தது. காருக்குள் இருந்து அழுது தீர்த்துவிட்டு வீட்டுக்கு வந்து சோறு போட்டேன். மச்சாளுக்குச் சொல்லவில்லை. அவள் முன்னால் அவனைப் பற்றிக் கதைக்கும்போது, "அவன் வந்தால்" என்றுதான் நானும் சொல்வேன். பொய் என்று நீங்கள் சொல்லலாம். ஒரே வீட்டில் இருந்து பார்த்துவிட்டுச் சொல்லுங்கள்.

சென்னையிலிருந்து அழைப்பு வந்தது ஒரு சனிக்கிழமை. மடிக்கணினித் திரையில் ஒரு இளம்பெண், தலையில் ஹெட்போன், பின்னால் நாலைந்து பேர் ஓடித் திரிந்தார்கள். நிகழ்ச்சியைத் தயாரிக்கிறவர்களில் ஒருத்தி என்று சொன்னாள். மச்சாள், மருமகள், நான் மூவரும் பேஸ்மன்ற் சோபாவில் நெருக்கியடித்துக்கொண்டு இருந்தோம்.

"மேடம், பாப்பா சூப்பரா பாடுறாங்க. ஆனா எங்களுக்கு அவங்களோட ஜர்னி வேணும்," என்றாள்.

"எந்த ஜர்னி?" என்று கேட்டேன்.

"அதான் மேடம், கஷ்டம். ஒவ்வொரு நாட்டுக்கும் ஒரு ஸ்டோரி வச்சிருக்கோம். மலேசியா பையனுக்கு அம்மா கிடையாது. நார்வே பொண்ணுக்குக் காது ஆபரேஷன். நீங்க ஸ்ரீலங்கன் தமிழ் ஆச்சே, உங்ககிட்ட நிறைய இருக்குமே."

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. "நிறைய இருக்கு. எவ்வளவு வேணும் உங்களுக்கு?" என்று கேட்க வாயெடுத்தேன். மச்சாள் என் தொடையில் கையை வைத்து அமத்திவிட்டு, அமைதியாகச் சொன்னாள். பிள்ளையின் தகப்பன் சண்டையின் முடிவில் சரணடைந்தவர், பிறகு தகவல் இல்லை, தேடிக்கொண்டிருக்கிறோம். திரையில் இருந்த பெண்ணின் கண்ணே கலங்கிவிட்டது. அது நடிப்பு என்று நான் சொல்ல மாட்டேன். ஆனால் கலங்கிய கண்ணோடு கையில் எதையோ குறித்துக்கொண்டாள்.

"செமி பைனல் அப்பா சுற்று மேடம். எல்லாப் பசங்களும் அப்பாவுக்காக ஒரு பாட்டுப் பாடணும். சாரோட போட்டோ ஒண்ணு அனுப்புங்க. பின்னாடி ஸ்க்ரீன்ல போடுவோம்."

"படம் அனுப்பிறன். ஆனால் அவர் காணாமல் போனவர். செத்தவர் எண்டு போடக்கூடாது. விளங்குதோ பிள்ளை?" என்றாள் மச்சாள்.

"கண்டிப்பா மேடம். மிஸ்ஸிங்னுதான் போடுவோம்."

அழைப்பு முடியுமுன் மச்சாள் அதைத் திரும்பவும் சொன்னாள். படம் அனுப்பும்போது மகளைக்கொண்டு அதைத் தட்டெழுதியும் அனுப்பினாள். மருமகள் நகத்தைக் கடித்துக்கொண்டு, தாய் சொன்னதைச் சொன்னபடி எழுதினாள். கல்யாணப் படத்திலிருந்து தம்பியை மட்டும் வெட்டி எடுத்த படம் அது. தோளில் மச்சாளின் சேலைக்கரை கொஞ்சம் தெரியும்.

மச்சாளுக்கு லீவு கிடைக்கவில்லை. பாட்டு ரீச்சர்தான் மருமகளைக் கூட்டிக்கொண்டு சென்னைக்குப் போனா. அதன் பிறகு எங்கள் ஊர் போட்ட ஆட்டத்தைச் சொல்லி முடியாது. சுற்றுக்குச் சுற்று இணையத்தில் வாக்குப் போட வேண்டும். ஒரு மின்னஞ்சலுக்கு ஒரு வாக்கு. கிழடு கட்டைகளெல்லாம் பேரப்பிள்ளைகளைப் பிடித்துப் புதிது புதிதாக மின்னஞ்சல் திறப்பித்தார்கள். வீடு விற்கிற அண்ணை வட்ஸ்அப்பில் தினமும் குரல் செய்தி அனுப்பினார். "உறவுகளே, ஒஷாவாவில இருந்து மிசிசாகா வரைக்கும் நாங்கள் ஒண்டு. கனடா தோக்கக் கூடாது." எங்கள் தெருவில் வாடகைக்கு இருந்த கோயம்புத்தூர்ப் பையன்கூட, "அக்கா, எங்க ஆபீஸ் முழுக்க கனடாவுக்குத்தான் போட்டோம்," என்று சொல்லிவிட்டுப் போனான். எனக்கும் உள்ளுக்குள்ளே பெருமைதான். வேலையிடத்தில் பிலிப்பீன்காரியின் தொலைபேசியை வாங்கி அவள் பெயரிலும் ஒரு வாக்குப் போட்டேன்.

அப்பா சுற்று சென்னையில் மாலையில் ஒளிபரப்பாகும்போது இங்கே சனிக்கிழமை காலை. அண்ணை ஸ்காபரோவில் ஒரு விருந்து மண்டபத்தைப் பிடித்து, பெரிய திரை கட்டி, ரோல்சும் தேத்தண்ணீரும் ஒழுங்கு செய்திருந்தார். சனம் என்றால் அப்படிச் சனம். சின்னப் பிள்ளைகள் கையில் கனடாக் கொடி. மச்சாளை முன்வரிசையில், நடுவில் இருத்தினார்கள். அவள் தன்னிடமிருந்த நல்ல சேலையை உடுத்தி, குங்குமத்தைக் கொஞ்சம் பெரிதாகவே வைத்திருந்தாள். அன்றைக்கு அவள் முகத்தில் ஒரு வெளிச்சம் இருந்தது. சென்னையில், உலகமெல்லாம் பார்க்கிற திரையில், அவனுடைய படம் வரப்போகிறது. எங்கேயாவது ஒரு மூலையில் ஒருவன் பார்த்துவிட்டு, இவரை நான் கண்டேனே என்று சொல்லலாம். அவள் அதைத்தான் நினைத்திருந்தாள். போட்டி, வெற்றி, இலை, கொடி எல்லாம் அவளுக்கு ஒரு பொருட்டில்லை. காரில் வரும்போது அதை எனக்கு வாய்விட்டுச் சொன்னாள்.

"ஆரோ ஒரு ஆள் கண்டாலும் காணும், மச்சாள்."

"ஓம்," என்றேன் நான்.

மலேசியா பாடியது, சுவிஸ் பாடியது. பிறகு மேடை இருண்டது. ஒரு குரல் கம்மிய தொனியில் போரைப் பற்றி எதையோ சொல்லியது. திரை வெளித்தபோது மருமகள் வெள்ளைச் சேலையோடு தனியாக நின்றாள். அவளுக்குப் பின்னால், மேடையின் அகலத்துக்கு, என் தம்பி. கழுத்தைச் சுற்றி ரோசாப்பூ மாலை. படத்துக்குக் கீழே குத்துவிளக்கு. மேலே ஒரு சின்னச் சிவப்பு மின்குமிழ், எங்கள் வீடுகளில் செத்தவர்களின் படத்துக்கு மேல் எரிகிறதே, அதே குமிழ்.

மருமகள் பாடத் தொடங்கினாள். எப்படிப் பாடினாள் என்று என்னிடம் கேட்க வேண்டாம், எனக்கு ஒன்றும் கேட்கவில்லை. மச்சாளைத் திரும்பிப் பார்க்கப் பயந்து திரையையே பார்த்துக்கொண்டிருந்தேன். பாட்டு முடிந்தபோது பிள்ளை மேடையில் விழுந்து அழுதாள். நடுவர்கள் அழுதார்கள். மண்டபம் முழுக்க மூக்குச் சிந்துகிற சத்தம். அப்போதுதான் வீடு விற்கிற அண்ணை மைக்கைப் பிடித்தார்.

"உறவுகளே, எங்கட பிள்ளையின்ர தகப்பனுக்காக எல்லாரும் எழும்பி நிண்டு ஒரு நிமிசம் அஞ்சலி செலுத்துவம்."

எங்கள் ஆட்களுக்கு இது ரத்தத்தில் ஊறியது. கூட்டமென்றால் விளக்கேற்றுவோம், எழும்புவோம், தலையைக் குனிவோம். அந்த மண்டபத்தில் பாதிப் பேருக்கு மச்சாளைத் தெரியும். அவளுடைய குங்குமத்தைத் தெரியும், வெள்ளிக்கிழமை அர்ச்சனையைத் தெரியும். தெரிந்துகொண்டே, ஒருவர் மிச்சமில்லாமல், கதிரைகள் கிறீச்சிட எழும்பினார்கள். கூடவே நானும் எழும்பிவிட்டேன். மண்டபம் எழும்பியது, கால் எழும்பியது, அவ்வளவுதான். மச்சாள் மட்டும் கதிரையில் இருந்தாள். மடியில் கைப்பை. என்னை நிமிர்ந்து பார்த்தாள்.

அந்தப் பார்வையில் கோபம் இருந்திருந்தால் எனக்கு நிம்மதியாக இருந்திருக்கும். இத்தனை வருடமும் நான் சொன்ன ஒவ்வொரு "அவன் வந்தால்" என்பதையும் அவள் அந்த நிமிடத்தில் எண்ணிப் பார்த்ததுபோலத்தான் எனக்குப் பட்டது. இருந்துவிடலாமா என்று யோசித்தேன். இருப்பதும் பிழை, நிற்பதும் பிழை. அஞ்சலி முடியும்வரை அப்படியே நின்றேன்.

கனடாவுக்கு அந்தச் சுற்றில் எல்லோரையும்விடக் கூடிய புள்ளி கிடைத்தது. மண்டபம் அதிரக் கைதட்டினார்கள்.

அடுத்த நாள் ஞாயிற்றுக்கிழமை, ஆட்கள் வரத் தொடங்கினார்கள். வாழ்த்துச் சொல்ல என்று சொல்லித்தான் வந்தார்கள். ஆனால் வந்த விதம் செத்தவீட்டுக்கு வருகிற விதம். குரலைத் தாழ்த்திக் கதைத்தார்கள். சாப்பாடு கட்டிக்கொண்டு வந்தார்கள். பெண்கள் மச்சாளின் கையைப் பிடித்துக்கொண்டு பக்கத்தில் இருந்தார்கள். ஒரு அன்ரி, நல்ல மனுசிதான், என்னைக் குசினிக்குள் கூட்டிக்கொண்டு போய், "எப்பிடியோ ஒரு முடிவுக்கு வந்திட்டியள், நல்லது. இல்லாட்டி அதுவும் எவ்வளவு காலத்துக்கு," என்றா. எனக்கு அவவைப் பிடித்து வாசலால் தள்ள வேண்டும்போல இருந்தது. தேத்தண்ணீர் போட்டுக் கொடுத்தேன்.

மச்சாள் எல்லோருக்கும் ஒரே பதில் சொன்னாள். "ரீவிக்காரர் பிழையாப் போட்டிட்டினம்." வந்தவர்கள் தலையை ஆட்டினார்கள். ஒருவரும் நம்பவில்லை. படம் மாலையோடு உலகம் முழுக்கப் போய்விட்டது. அவள் ஒருத்தி சொல்லி எப்படித் திருப்பி எடுப்பது?

அதற்கடுத்த கிழமை எங்கள் சொந்தத்துக்குள் ஒரு கல்யாணம். மாப்பிள்ளை பொம்பிளைக்கு ஆலாத்தி எடுக்க இரண்டு பெண்கள் வேண்டும், சுமங்கலிகளாக. மச்சாளிடம் மாதக்கணக்குக்கு முன்பே சொல்லி வைத்திருந்தார்கள். பட்டுச் சேலையோடு, முன்னாலே போய்த் தயாராக நின்றாள். ஆலாத்தித் தட்டை எடுக்கக் குனிந்தபோது பெண்ணின் பெரியம்மா வந்து தட்டை மெதுவாகத் தன் பக்கம் இழுத்தா.

"நீங்கள் இருங்கோ தங்கச்சி. நாள் முழுக்க நிண்டு களைச்சுப் போனியள்."

கல்யாணம் தொடங்கி அரை மணித்தியாலம் ஆகவில்லை. என்ன களைப்பு? மச்சாள் கையை எடுத்துக்கொண்டாள். சிரித்தாள். பின்வரிசைக்கு வந்து என் பக்கத்தில் இருந்தாள். நான் எழும்பி அந்தப் பெரியம்மாவை நாலு வார்த்தை கேட்கப் போனேன், அவள் என் சேலையைப் பிடித்து இழுத்து இருத்தினாள்.

"விடுங்கோ மச்சாள். அவையின்ர கல்யாணத்தைக் குழப்பக்கூடாது."

வீட்டுக்கு வந்ததும் நான் சென்னைக்கு அழைத்தேன். என் மூக்கு நுனியில் எப்போதும் ஒரு கோபம் இருக்கும், அன்றைக்கு அது வாய் முழுக்க இருந்தது. ஹெட்போன் பெண் எடுத்தாள். உங்களுக்கு வெட்கம் இல்லையா, உயிரோடிருக்கிற மனிசனுக்கு மாலை போடுகிறீர்களா, வழக்குப் போடுவேன் என்று மூச்சுவிடாமல் கத்தினேன். அவள் கத்தவில்லை.

"மேடம், நாங்க மிஸ்ஸிங்னுதான் ரெடி பண்ணியிருந்தோம். பாப்பாகிட்ட கேட்டுட்டுத்தான் மேடம் மாத்தினோம்."

"பொய் சொல்லாதேங்கோ! சின்னப் பிள்ளையின் தலையில பழியைப் போடாதேங்கோ!"

"நீங்க பாப்பாகிட்டயே கேளுங்க மேடம்," என்றாள். நான் தொலைபேசியை வைத்துவிட்டேன். அவள் சொன்னதை ஒரு கணமும் நம்பவில்லை, அதனால் மச்சாளிடம் சொல்லவும் இல்லை. மருமகளிடம் தொலைபேசியில் கேட்கவும் இல்லை. இறுதிப் போட்டி கிட்ட வந்திருந்தது, பிள்ளையைக் குழப்பக் கூடாது என்று எல்லோரும் சொன்னார்கள்.

இறுதிப் போட்டியில் சிங்கப்பூர் வென்றது. கனடாவுக்கு இரண்டாம் இடம். மச்சாளும் நானும் அதை வீட்டிலிருந்து பார்த்தோம். மண்டபத்துக்கு வரச்சொல்லி அண்ணை கார் அனுப்பினார், நான் திருப்பி அனுப்பினேன். விமான நிலையத்தில் கூட்டம், கொடி, மேளம். மருமகள் மெலிந்துபோய் வந்தாள். தாயைக் கட்டிப்பிடித்தாள். தாயும் கட்டிப்பிடித்தாள். இருவரும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்கவில்லை.

அந்தக் கிழமையே ஒரு மத்தியானம். மச்சாளுக்கு வேலை இல்லாத நாள். நான் கீழே போனபோது மருமகள் மேசையில் புட்டும் கத்தரிக்காய்க் கறியும் வைத்துக்கொண்டு கிளறிக்கொண்டிருந்தாள். மச்சாள் எங்களுக்கு முதுகு காட்டிக்கொண்டு தொட்டியில் பாத்திரம் கழுவினாள். நான் வழக்கம்போலத் தொலைக்காட்சிக்காரரைத் திட்டத் தொடங்கினேன். அண்ணைக்கு ஒரு வழக்கறிஞரைத் தெரியும், மன்னிப்புக் கேட்டு நிகழ்ச்சியில் அறிவிக்க வைக்கலாம், விடக்கூடாது.

"மாமி, ஸ்டொப் இற்," என்றாள் மருமகள். "அவை போடேல்லை. நான்தான் போடச் சொன்னனான்."

எனக்கு முதலில் விளங்கவில்லை. "என்னத்தை?"

"மாலை. லைட். எல்லாம். அந்த அக்கா வந்து கேட்டவ, அப்பா மிஸ்ஸிங்தானே எண்டு. நான் சொன்னனான், நோ, ஹி இஸ் டெட். மாலை போடுங்கோ எண்டு."

தண்ணீர் ஓடிக்கொண்டிருந்தது. மச்சாள் திரும்பவில்லை. எனக்குக் கை ஓங்கிவிடுமோ என்று பயமாக இருந்தது, கதிரையைப் பிடித்துக்கொண்டேன். "ஏனடி? அம்மா அவ்வளவு சொல்லியும்?"

"ஏனெண்டா எனக்கு அழ விருப்பம், மாமி!" அவள் கத்தினாள். பாடும்போது எட்டாத உயரத்துக்குக் குரல் போனது. "எனக்கு அவரின்ர முகமே ஞாபகம் இல்லை. ஸ்கூலில பாதர்ஸ் டேக்கு கார்ட் செய்யச் சொல்லுவினம். எவ்ரி இயர் செய்து கொண்டு வருவன். அம்மா வாங்கிப் பெட்டியில வைப்பா. அப்பா வந்து பாப்பார் எண்டு. ஆர் பாக்கிறது? எனக்கு அதைக் கொண்டு வரேக்க அழுகை வரும். அழுதா அம்மா சொல்லுவா, அழாதை, அவருக்குக் கூடாது எண்டு. நான் அழுதா அவரைக் கொல்லுற மாதிரி. அந்த ஸ்டேஜிலதான் நான் முதல் முதலா அப்பாவுக்காக அழுதனான். ஐ பீல் பெற்றர். ஸொறி அம்மா. ஆனா எனக்கு அது நல்லா இருந்தது."

மச்சாள் குழாயை மூடினாள். கையைத் துடைத்தாள். வந்து மேசையில், மகளுக்கு எதிரே இருந்தாள். நான் சண்டையை எதிர்பார்த்தேன். அவள் சாதாரணமாக, பள்ளிக்கூடத்தில் என்ன நடந்தது என்று கேட்பதுபோலக் கேட்டாள்.

"எண்டைக்குச் செத்தவர் எண்டு சொன்னனி?"

"என்ன?"

"அப்பா செத்திட்டார் எண்டு சொன்னனி. எண்டைக்கு எண்டு சொன்னனி?"

மருமகள் என்னைப் பார்த்தாள். பிறகு தாயைப் பார்த்தாள். "அவை அதைக் கேக்கேல்லை, அம்மா."

"கேக்கேல்லையோ," என்றாள் மச்சாள். கொஞ்ச நேரம் மேசை விரிப்பைக் கையால் தடவினாள். "மாலை போட்டாச்சு. இனி ஒவ்வொரு வருசமும் திதி குடுக்கோணும். அதுக்கு ஒரு நாள் வேணும். ஐயர் கேப்பார். என்னட்டை இருக்கிறது ஒரு நாள்தான்."

அவள் மகளைப் பார்த்துச் சொல்லவில்லை, என்னைப் பார்த்தும் சொல்லவில்லை.

"அவர் சரணடையப் போகேல்லை எண்டுதான் நிண்டவர். சனத்தோட சனமா வாறன், ஒருத்தருக்கும் தெரியாது எண்டவர். நான்தான் விடேல்லை. பேரைப் பதிஞ்சால் அண்டைக்கே விடுவினம் எண்டு எல்லாரும் சொல்லிச்சினம். பதிஞ்ச ஆக்களை முதல்ல வெளியால எடுப்பினம், பிள்ளையை ஆஸ்பத்திரிக்குக் கொண்டு போகலாம் எண்டு நினைச்சனான். நீ காய்ச்சலில அனலாக் கொதிச்சுக்கொண்டு கிடந்தனி. போங்கோ, போங்கோ எண்டு கத்தினனான். கையைப் பிடிச்சு இழுத்துக்கொண்டு போய் வரிசையில விட்டது நான். அந்த நாளுக்குத்தான் திதி வைக்கோணும்."

பஸ்ஸில் ஏற்றினார்கள் என்றுதான் இத்தனை வருடமும் அவள் எங்களுக்குச் சொன்னாள். கையைப் பிடித்ததைச் சொன்னதில்லை. நான் கேட்டதுமில்லை. எனக்கு அவளைத் தொட வேண்டும்போல இருந்தது, தொட முடியவில்லை. அவன் என் ஒரே தம்பி.

மருமகள் புட்டுத் தட்டைத் தள்ளி வைத்தாள்.

"எனக்கோ காய்ச்சல்?" என்று கேட்டாள். "அம்மா, எனக்காகவோ அவர் போனவர்? எனக்கு என்ன வந்தது, சீரியசோ?"

மச்சாள் இல்லை என்று தலையை ஆட்டினாள்.

"காய்ச்சல் அடுத்த நாளே மாறீட்டுது," என்றாள்.